காய்ச்சல் விட்ட பிறகும் டைபாய்டு பரவுமா? மேரி மாலன் வரலாறும் எங்கள் சமையலம்மாவும்

கேள்வி: அடுப்படி

அனைவருக்கும் வணக்கம். கல்லூரி மாணவியர் தங்கும் இரண்டு விடுதிகளுக்கு மூன்று வேளையும் உணவு சமைத்து அனுப்பும் சிறிய சமையற்கூடம் ஒன்றை நடத்தி வருகிறேன். எங்களிடம் நெடுங்காலமாகச் சமைத்து வரும் அம்மா ஒருவருக்கு அண்மையில் டைபாய்டு காய்ச்சல் வந்தது. மருத்துவமனையில் சேர்ந்து, மருந்தை முழுவதுமாக முடித்து, இப்போது நன்றாகத் தேறிவிட்டார். அவர் வேலைக்குத் திரும்ப வேண்டிய நேரத்தில், எங்களுடன் பணியாற்றும் ஒருவர் 'டைபாய்டு மேரி' என்பவரைப் பற்றி இணையத்தில் எதையோ பார்த்துவிட்டு, காய்ச்சல் விட்டாலும் கிருமி உடம்பை விட்டுப் போகாது, இந்த அம்மா சமைத்தால் விடுதியே படுத்துவிடும், உடனே நிறுத்திவிட வேண்டும் என்று எல்லோரிடமும் சொல்லி வருகிறார். அந்தப் பேச்சு அவர் காதுக்கும் எட்டிவிட்டது. நேற்று என்னிடம், "நான் வேறு எங்கேயாவது பார்த்துக்கொள்ளட்டுமா?" என்று கேட்டார். எனக்குப் பதில் சொல்ல வாய் வரவில்லை.

அந்த மேரி என்பவர் உண்மையில் என்ன செய்தார், தெரிந்தே நோயைப் பரப்பினாரா, தாம் நலமாக இருக்கும் ஒருவர் ஆண்டுக்கணக்கில் மற்றவர்களுக்கு நோய் கொடுப்பது எப்படி இயலும் என்பதை அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன். மாணவியரின் உடல்நலமும் என் பொறுப்புதான், அந்த அம்மாவின் பிழைப்பும் என் பொறுப்புதான். அதனால்தான் வதந்தியை நம்பி முடிவெடுக்க மனம் ஒப்பவில்லை.

மறுமொழி 1: ஏட்டுச்சுவடி

மேரி மாலன் 1869இல் அயர்லாந்தின் குக்ஸ்டவுனில் பிறந்து, பதின்ம வயதில் அமெரிக்காவுக்குக் கப்பலேறி, நியூயார்க் செல்வர் வீடுகளில் சமையல் செய்து பிழைத்தவர். கைப்பக்குவம் உள்ளவர் என்பதால் அவருக்கு வேலை கிடைப்பதில் சிரமம் இருக்கவில்லை. 1906ஆம் ஆண்டுக் கோடையில் லாங் ஐலண்டின் ஆய்ஸ்டர் பே என்னும் ஊரில் சார்லஸ் ஹென்றி வாரன் என்ற வங்கியாளரின் குடும்பம் வாடகைக்கு ஒரு வீடு எடுத்துத் தங்கியது. ஆகஸ்டு இறுதியில் தொடங்கி ஒரே வாரத்துக்குள் அவ்வீட்டிலிருந்த 11 பேரில் 6 பேர் டைபாய்டில் விழுந்தார்கள். நோய் வந்த வீடு என்று பெயர் ஏற்பட்டுவிட்டால் இனி யாரும் குடிவர மாட்டார்களே என்று அஞ்சிய வீட்டுக்காரர், காரணத்தைக் கண்டறியும்படி ஜார்ஜ் சோப்பர் என்ற சுகாதாரப் பொறியாளரை அமர்த்தினார்.

சோப்பர் முதலில் எல்லோரும் ஐயுறுபவற்றையே ஐயுற்றார். கிணற்று நீர், கழிவுத் தொட்டி, பால், அந்தக் கடற்கரையில் ஒரு பெண் விற்றுவந்த சிப்பி ஆகிய எதிலும் குற்றம் கிடைக்கவில்லை. பிறகுதான், நோய் தோன்றுவதற்கு ஏறத்தாழ மூன்று வாரம் முன்னர் அவ்வீட்டில் சமையற்காரர் மாறியிருக்கிறார் என்பது தெரியவந்தது. கிருமி உள்ளே போய்க் காய்ச்சலாக வெளிப்படுவதற்கு ஆகும் காலத்துடன் அது பொருந்தியது. சூட்டில் வெந்த உணவில் கிருமி பிழைக்காதே என்ற இடத்தில்தான் அவருக்குச் சிக்கல். அப்போது, அந்த வீட்டார் விரும்பிச் சாப்பிட்ட ஒரு பண்டம் நினைவூட்டப்பட்டது. பச்சையாக நறுக்கிய பீச் பழத்துண்டுகளைப் போட்டு உறைய வைத்த ஐஸ்கிரீம் அது. அடுப்பைக் காணாமல் கையிலிருந்து நேரே தட்டுக்குப் போகும் பண்டம். மேரி முன்பு வேலை பார்த்த வீடுகளைத் தேடிச் சென்று விசாரித்தபோது, எட்டுக் குடும்பங்களில் ஏழில் டைபாய்டு வந்திருந்ததும், மொத்தம் 22 பேர் நோயுற்றிருந்ததும் தெரிந்தது.

1907 மார்ச்சில் அவரைப் பிடித்த விதம் இன்று படித்தாலும் வருத்தம் தருவது. சோப்பர் நேரே சமையலறைக்குப் போய், உங்கள் உடம்பில் கிருமி இருக்கிறது, மலமும் சிறுநீரும் இரத்தமும் வேண்டும் என்று கேட்க, தமக்கு ஒருநாளும் டைபாய்டு வந்ததாக நினைவில்லாத அந்தப் பெண் இறைச்சி வெட்டும் முட்கரண்டியை எடுத்து அவரைத் துரத்தினார். அடுத்து சுகாதாரத் துறை சாரா ஜோசஃபின் பேக்கர் என்ற பெண் மருத்துவரைக் காவலர்களுடன் அனுப்பியது. மேரி பின்பக்கமாக ஓடி ஒளிந்தார். பனியில் பதிந்த காலடித் தடம் வேலியோரம் வரை சென்று நின்றது. பல மணி நேரம் தேடிய பிறகு, அண்டை வீட்டு மாடிப்படியின் கீழிருந்த சிறு அறையின் கதவிடுக்கில் ஒரு துணி நுனி சிக்கியிருப்பதை ஒருவர் கண்டார். மருத்துவமனை வண்டியில் அவர் திமிறியதால், போகும் வழியெல்லாம் அவர் மீது உட்கார்ந்தே சென்றதாக மருத்துவர் பேக்கர் பின்னாளில் எழுதியிருக்கிறார். பிறகு ஈஸ்ட் ஆற்றிலுள்ள நார்த் பிரதர் தீவில் ஒரு சிறு வீட்டில் தனியே வைத்தார்கள்.

1909இல் அவர் நீதிமன்றம் சென்றார். நகரின் சட்டப்படி தொற்றுநோயால் பீடிக்கப்பட்டவரை அப்புறப்படுத்தித் தனிமைப்படுத்தலாம். ஆனால் மேரி பீடிக்கப்பட்டவர் அல்லர், நலமாக உள்ளவர். நலமாக உள்ள ஒருவரை விசாரணையின்றி எத்தனை காலம் அடைத்து வைக்கலாம் என்பதே அவருடைய வழக்கறிஞரின் கேள்வி. சுகாதாரத் துறை சோதித்த 163 மல மாதிரிகளில் 120இல் கிருமி இருந்தது. மேரி தம் செலவில் தனியார் ஆய்வகத்துக்கு அனுப்பிய மாதிரிகளில் கிருமியே இல்லை. நீதிமன்றம் அவரை விடவில்லை. அதே ஆண்டு ஒரு செய்தித்தாள், வாணலியில் மண்டையோடுகளை உடைத்துப் போடும் பெண்ணாக அவரைப் படம் வரைந்து வெளியிட்டது. தங்கள் பணியாளர் இணையத்தில் பார்த்தது எதுவாயினும், அந்தப் படத்தின் வாரிசாகவே இருக்கும் என்று நினைக்கிறேன்.

1910இல் புதிய சுகாதார ஆணையர் எர்ன்ஸ்ட் லெடர்லி, இனிச் சமையல் வேலை செய்வதில்லை என்ற உறுதிமொழியை வாங்கிக்கொண்டு அவரை விடுவித்தார். அவருக்கு வாய்த்தது துணி வெளுக்கும் வேலை. சமையலை விட உழைப்பு மிகுதி, கூலி குறைவு. 1915இல் ஸ்லோன் மகளிர் மருத்துவமனையில் 25 பேருக்கு டைபாய்டு கண்டு, இருவர் இறந்தபோது, அங்கே 'பிரௌன்' என்ற பெயரில் சமைத்துக்கொண்டிருந்தவர் மேரி என்பது வெளிப்பட்டது. அதன்பின் 1938 நவம்பரில் இறக்கும் வரை 23 ஆண்டுகள் அவர் அத்தீவிலேயே இருந்தார்.

மறுமொழி 2: நேர்நிறை

மேலே எழுதியவர் நன்றாக விளக்கியிருக்கிறார். ஆனால் இரக்கத்தின் பக்கம் சற்று அதிகமாகச் சாய்ந்துவிட்டதாகக் கருதுகிறேன். 1907 வரை நடந்தவற்றுக்கு மேரியைக் குறை சொல்ல இயலாது என்பதை முழு மனதுடன் ஏற்கிறேன். ஆனால் 1915இல் நிலைமை வேறு. தாம் சமைத்தால் பிறர் நோயுறுவார்கள் என்று அவரிடம் மூன்று ஆண்டுகள் சொல்லியிருக்கிறார்கள், அவர் எழுத்து மூலம் வாக்களித்திருக்கிறார், பெயரை மாற்றிக்கொண்டு பிள்ளை பெற்ற தாய்மார் படுத்திருக்கும் மருத்துவமனையின் சமையலறைக்குள் போயிருக்கிறார். பெயரை மாற்றியதே, தாம் செய்வது கூடாதது என்று அவருக்குத் தெரிந்திருந்ததைக் காட்டுகிறது. இறந்துபோன இருவருக்கும் குடும்பம் இருந்திருக்கும் அல்லவா? அவர்களின் பெயரை யாரும் சொல்வதில்லை என்பது எனக்கு எப்போதும் உறுத்தலாக இருக்கிறது.

மறுமொழி 3: ஏட்டுச்சுவடி

நேர்நிறை அவர்கள் சொல்வதில் நியாயம் உண்டு. 1915இல் அவர் செய்தது தவறு என்பதை நான் மறுக்கவில்லை. என் வழக்கு மேரியை விடுவிப்பது பற்றியதன்று, அவரை மட்டும் ஏன் என்பது பற்றியது. அவர் உயிரோடு இருந்த காலத்திலேயே நியூயார்க் நகரில் அவரைப் போன்ற நலமான கிருமிதாங்கிகள் நானூறுக்கும் மேற்பட்டோர் கண்டறியப்பட்டுப் பதிவேட்டில் இருந்தனர். டோனி லபெல்லா என்பவரால் 122 பேர் நோயுற்று 5 பேர் இறந்ததாகக் கணக்கிட்டார்கள். மேரியின் கணக்கில் வருவோர் 47 பேர், இறந்தவர் 3 பேர். அல்ஃபோன்ஸ் கோட்டில்ஸ் என்ற உணவகம், ரொட்டிக்கடை உரிமையாளர், தடை இருந்தும் உணவு தயாரித்துக்கொண்டிருந்ததை 1924இல் கண்டுபிடித்தார்கள். இனிக் கடையைத் தொலைபேசி வழியே நடத்துவதாக அவர் சொன்னதும் நீதிபதி தண்டனையை நிறுத்திவைத்தார். அவரும் தெரிந்தே செய்தவர்தான். கடை அவருடையது, ஆண், குடும்பத் தலைவர். மேரி தனியாள், வேலைக்காரி, அயர்லாந்திலிருந்து வந்தவள், வாய்த்துடுக்கு உடையவள் என்று பெயரெடுத்தவள். இந்த வேறுபாட்டைத் தவிர வேறு காரணம் எனக்குத் தென்படவில்லை.

இங்கிலாந்தில் நடந்தது இதனினும் கொடிது. எப்சம் நகரின் லாங் குரோவ் மனநல மருத்துவமனையில் 1907 முதல் 1992 வரை, டைபாய்டு கிருமிதாங்கிகள் என்பதற்காகக் குறைந்தது 43 பெண்கள் பூட்டிய பகுதியில் வைக்கப்பட்டிருந்ததை 2008இல் பிபிசி வெளிக்கொணர்ந்தது. நுண்ணுயிர்க்கொல்லி மருந்துகள் வந்து பல பத்தாண்டுகள் கடந்த பிறகும் அவர்களில் சிலருக்குக் கதவு திறக்கப்படவில்லை.

மறுமொழி 4: வளர்தட்டு

மருத்துவ ஆய்வகம் ஒன்றில் நெடுநாள் பணியாற்றி ஓய்வு பெற்றவன் என்ற முறையில், தங்கள் கேள்வியின் அறிவியல் பகுதிக்கு விடை தர முயல்கிறேன்.

டைபாய்டு நோய்க்குக் காரணமான சால்மோனெல்லா டைஃபி என்ற கிருமி மனிதரிடம் மட்டுமே வாழ்வது. ஆடு மாடு கோழி எதுவும் அதற்கு இருப்பிடம் இல்லை. ஆகவே ஒவ்வொரு டைபாய்டு நோயாளிக்கும் பின்னால் எங்கோ இன்னொரு மனிதரின் மலம் கலந்த நீரோ உணவோ இருந்தே தீர வேண்டும். வாய் வழியே போகும் கிருமி சிறுகுடலின் சுவரைக் கடந்து, தன்னை விழுங்க வரும் வெள்ளணுக்களுக்குள்ளேயே பெருகி, இரத்தத்தில் கலந்து, கல்லீரலை அடைகிறது. அங்கிருந்து பித்தநீரோடு பித்தப்பைக்கு வருகிறது. மற்ற கிருமிகள் பலவற்றுக்கு ஆகாத பித்தநீர் இதற்கு ஒத்துப்போகிறது. பித்தப்பையில் கல் இருந்துவிட்டால் அதன் மேல் வழவழப்பான ஒரு படலமாகப் படிந்து குடியேறிவிடுகிறது. கல்லைச் சுற்றிப் பாசி பிடித்தது போன்ற அந்தப் படலத்துக்குள் மருந்தும் எளிதில் புகாது, உடலின் எதிர்ப்பாற்றலும் முழுமையாக எட்டாது. அங்கிருந்து அவ்வப்போது பித்தநீரோடு குடலுக்கு இறங்கி மலத்தில் வெளியேறும். அந்த மனிதருக்குக் காய்ச்சலோ வயிற்று நோவோ இராது.

நோயுற்றோரில் நூற்றுக்கு ஒருவர் முதல் ஐவர் வரை இப்படி ஓராண்டுக்கு மேல் கிருமியை வெளியேற்றுவோராகத் தங்கிவிடுகிறார்கள். பெண்களிடமும், பித்தக்கல் உள்ளவர்களிடமும் இது மிகுதி. ஏனையோருக்குச் சில வாரங்களிலோ மாதங்களிலோ கிருமி அற்றுப்போகும். முதல் தொற்று மிக இலேசாக, ஒரு சாதாரணக் காய்ச்சல் போல வந்து போயிருக்கலாம் என்பதால், எனக்கு டைபாய்டு வந்ததே இல்லை என்று மேரி சாதித்தது பொய்யாக இருக்க வேண்டியதில்லை. 1880இல் எபர்ட் இக்கிருமியைக் கண்டறிந்தார், 1884இல் காஃப்கி அதை வளர்த்துக் காட்டினார். நலமாக உள்ளோரும் அதைச் சுமக்கிறார்கள் என்ற கருத்தை ராபர்ட் கோக் வலியுறுத்தத் தொடங்கியது 1902 வாக்கில்தான். 1907இல் ஒரு சமையற்காரப் பெண் அதை நம்ப மறுத்ததில் வியப்பென்ன?

அந்த இரு ஆய்வகங்களின் முரண்பாட்டைப் பற்றியும் ஒரு சொல். கிருமி நாள்தோறும் ஒரே அளவில் வெளியேறுவதில்லை, சில வாரங்கள் சுத்தமாக நின்றுபோகவும் கூடும். அத்துடன், மாதிரி ஆய்வகத்தை அடையத் தாமதமானால் கிருமி செத்துவிடும். ஆகவே ஒரு தரப்பு பொய் சொன்னதாகக் கொள்ளத் தேவையில்லை. ஒரே ஒரு மாதிரியில் கிருமி இல்லை என்பதை வைத்து யாரையும் தூய்மையானவர் என்று சொல்லவும் கூடாது.

இனித் தங்கள் சமையலம்மா. முதலில், வைடல் சோதனை எடுத்து முடிவு செய்துவிடாதீர்கள். அது இரத்தத்தில் உள்ள எதிர்ப்பொருளைப் பார்ப்பது. அண்மையில் டைபாய்டு வந்தவருக்கு அது தேறிய பின்பும் பல மாதங்கள் 'பாசிட்டிவ்' என்றே காட்டக்கூடும். கிருமிதாங்கியா என்பதை அது சொல்லாது. தேவைப்படுவது மல வளர்ப்புச் சோதனை, அதாவது 'ஸ்டூல் கல்ச்சர்'. மருந்து முடிந்து போதிய இடைவெளி விட்டு, வெவ்வேறு நாட்களில் எடுத்த மூன்று மாதிரிகளிலும் கிருமி வளரவில்லை என்றால் அவர் தயக்கமின்றி அடுப்படிக்குத் திரும்பலாம். எத்தனை நாள் இடைவெளி என்பதை அவரைக் கவனித்த மருத்துவரே சொல்லட்டும். முடிவு வரும் வரை உணவைத் தொடாத வேலை கொடுங்கள், கணக்கு எழுதுவது, சரக்கு பார்த்து வாங்குவது போன்றவை. கூலியைக் குறைக்காதீர்கள். மேரியைத் துணி வெளுக்க அனுப்பியவர்கள் செய்யத் தவறியது அதைத்தான்.

ஒருவேளை கிருமி தொடர்ந்து வந்தாலும் இது 1907 இல்லை. கிருமி எந்த மருந்துக்குக் கட்டுப்படுகிறது என்று பார்த்து ஏறத்தாழ நான்கு வாரம் மருந்து கொடுத்தால் பலருக்குத் தீர்ந்துவிடும். பித்தக்கல் இருந்தால் பித்தப்பையை அகற்றும் அறுவை சிகிச்சையும் உண்டு. மேரியிடமும் அந்த அறுவையைச் செய்துகொள்ளச் சொன்னார்கள், அவர் மறுத்துவிட்டார். அக்காலத்தில் வயிற்றைத் திறப்பதில் இருந்த ஆபத்தைப் பார்த்தால் அவர் அஞ்சியது இயல்பே.

மறுமொழி 5: வலிகாமத்தான்

யாழ்ப்பாணத்திலிருந்து எழுதுகிறேன். எங்கள் பக்கம் இதை நெருப்புக்காய்ச்சல் என்போம். சுண்ணாம்புக்கல் நிலத்தில் கிணறும் மலக்குழியும் அருகருகே அமைந்த வளவுகளில் இது நெடுங்காலமாக எங்களை விட்டுப் போகாத நோய். கிருமியைச் சுமப்பவரைத் தேடுவதில் எல்லோரும் காட்டும் ஆர்வத்தில் பாதியைத் தண்ணீரில் காட்டியிருந்தால் எவ்வளவோ பேர் பிழைத்திருப்பார்கள் என்பது என் எண்ணம். அதற்கு லண்டனை அடுத்த குரொய்டனில் 1937இல் நடந்ததை விடச் சிறந்த சான்று இல்லை.

அடிங்டன் என்னும் இடத்திலுள்ள ஆழ்கிணறு ஒன்றிலிருந்து அந்நகரின் ஒரு பகுதிக்குக் குடிநீர் போனது. அவ்வாண்டு இலையுதிர் காலத்தில் கிணற்றில் திருத்த வேலைக்காக ஆட்களை உள்ளே இறக்கினார்கள். அவர்களில் ஒருவர் முதல் உலகப்போர்க் காலத்தில் டைபாய்டு வந்து தேறியவர், தாம் இன்னமும் கிருமியைச் சுமப்பதை அறியாதவர். இதுவரை நடந்ததில் பெரிய ஆபத்து இல்லை. ஆனால் அதே சமயத்தில் அந்தக் கிணற்று நீருக்கு வடிகட்டலும் இல்லை, குளோரின் இடுவதும் நிறுத்தப்பட்டிருந்தது. கிணற்றில் ஆட்கள் வேலை செய்கிறார்கள் என்பதும், அந்த நீர் தொடர்ந்து வீடுகளுக்குப் போகிறது என்பதும் உரியவர்களுக்கு உரிய நேரத்தில் போய்ச் சேரவில்லை. 341 பேர் நோயுற்றார்கள், 43 பேர் இறந்தார்கள். மேரி தம் வாழ்நாள் முழுவதும் கொடுத்ததாகக் கணக்கிடப்பட்ட நோயைப் போல ஏழு மடங்கு, ஒரே கிணற்றிலிருந்து, ஒரே பருவத்தில். அந்தத் தொழிலாளியின் பெயரை வைத்து யாரும் பட்டப்பெயர் சூட்டவில்லை, அது நல்லதுதான். விசாரணையின் கண்ணும் குடிநீரைக் கையாண்ட முறையின் மீதே விழுந்தது. குளோரின் போட்டிருந்தால் அந்த மனிதர் கிணற்றில் இறங்கியதே ஒரு செய்தியாக இருந்திராது.

ஆகவே அடுப்படி அவர்களே, அந்த அம்மாவின் சோதனை முடிவுக்குக் காத்திருக்கும் வேளையில் உங்கள் தண்ணீர்த் தொட்டியை ஒருமுறை பாருங்கள். மூடி சரியாக இருக்கிறதா, குழாய் சாக்கடையைக் கடந்து வருகிறதா, வேலையாட்களின் கழிப்பறையில் சவர்க்காரமும் தண்ணீரும் எந்நேரமும் இருக்கின்றனவா என்று பாருங்கள். எங்கள் பகுதிப் பொதுச் சுகாதாரப் பரிசோதகர் உணவகத்துக்குள் வந்ததும் முதலில் போய்ப் பார்க்கும் இடம் கழிப்பறைதான், அடுப்பு பிறகுதான்.

மறுமொழி 6: அடுப்படி

நேரம் ஒதுக்கி எழுதிய எல்லோருக்கும் என் மனமார்ந்த நன்றி. இன்று காலை அந்த அம்மாவை அழைத்து உட்கார வைத்து, வேலை அவருடையதுதான் என்றும், சோதனை முடியும் வரை சரக்குப் பொறுப்பைப் பார்த்துக்கொள்ளுமாறும், கூலியில் மாற்றம் இல்லை என்றும் சொன்னேன். மருத்துவரையும் பார்த்துவிட்டோம். மூன்று மாதிரிகளுக்கும் நாள் குறித்துக் கொடுத்திருக்கிறார். பேச்சைக் கிளப்பியவரிடம் இந்தப் பக்கத்தையே படிக்கக் கொடுத்தேன். கழிப்பறை வாசலில் இருந்த கை கழுவும் குழாய் பழுதாகிப் பல நாள் ஆகிறது என்பதும் தேடிப் பார்த்தபோதுதான் என் கண்ணில் பட்டது. அதை மாற்ற ஆள் வந்திருக்கிறார்.

ஒன்று மட்டும் இன்னும் தெளிய வேண்டும். உணவைக் கையாளும் அனைவருக்கும் ஆண்டுதோறும் மருத்துவச் சான்றிதழும், உரிய கால இடைவெளியில் டைபாய்டு தடுப்பூசியும் வேண்டும் என்பது விதி. எங்கள் ஆட்கள் எல்லோரும் தடுப்பூசி போட்டுக்கொண்டால் இந்தக் கவலை அறவே தீர்ந்துவிடுமா?

மறுமொழி 7: வளர்தட்டு

தடுப்பூசி போட்டுக்கொள்பவருக்கு நோய் வராமல் பெருமளவு காக்கும், புதிதாக ஒருவர் கிருமிதாங்கி ஆவதையும் அவ்வழியே குறைக்கும். ஏற்கெனவே பித்தப்பையில் குடியிருக்கும் கிருமியை அது அகற்றாது. எனவே எல்லோருக்கும் போடுங்கள், ஆனால் அதைக் கை கழுவுதலுக்கு மாற்றாகக் கொள்ளாதீர்கள். மேலும், கொதிக்கும் சாம்பாரைப் பற்றிக் கவலைப்படுவதை விட, அடுப்பைக் காணாத தேங்காய்ச் சட்னி, வெங்காயப் பச்சடி, மோர், நறுக்கிய பழம், குடிநீர்ப் பானை ஆகியவற்றைக் கையாளுபவர் யார், அவர் எப்போது கை கழுவினார் என்பதைக் கவனியுங்கள். ஆய்ஸ்டர் பேயில் சோப்பரின் ஐயம் போய் நின்றதும் அடுப்பேறாத பண்டத்தில்தான்.